மாருதி 800 (1996): இடது இண்டிகேட்டர் இரட்டை வேகத்தில் மின்னுகிறது, பிரேக் மிதித்தால் டேஷ்போர்டு அம்பும் எரிகிறது

உப்பளக்காற்று, தூத்துக்குடி

வணக்கம். அப்பா வாங்கிய 1996 மாடல் மாருதி 800, கார்புரேட்டர் வண்டி. இப்போது நான்தான் ஓட்டுகிறேன். இன்ஜின், கியர், பிரேக் எதிலும் குறை இல்லை. இண்டிகேட்டர் ஒன்றுதான் பாடாய்ப் படுத்துகிறது.

வலது பக்கம் போட்டால் ஒழுங்காக மின்னுகிறது. இடது பக்கம் போட்டால் ஏறக்குறைய இரண்டு மடங்கு வேகம். பல்ப் ஏதோ போய்விட்டது என்று இறங்கிப் பார்த்தால் முன்னாலும் எரிகிறது, பின்னாலும் எரிகிறது. பின்னால் இருப்பது மட்டும் மங்கல்.

இரவில் இன்னும் மோசம். பார்க்கிங் லைட்டோ ஹெட்லைட்டோ போட்டுவிட்டு இடது இண்டிகேட்டர் போட்டால் பின்னால் மஞ்சள் வெளிச்சம் கிட்டத்தட்ட இல்லை. அதற்குப் பதிலாக அதே பக்கத்து சிவப்பு டெயில் லைட் விட்டு விட்டு மங்குகிறது. வலது பக்கத்து பிரேக் லைட்டிலும் ரொம்ப மெல்லியதாக ஒரு சிவப்பு வந்து வந்து போகிறது. இருட்டில் பக்கத்தில் நின்று பார்த்தால்தான் தெரியும். இன்னொன்று: இண்டிகேட்டர் எதுவும் போடாமல் வெறுமனே பிரேக்கை மிதித்தால் டேஷ்போர்டில் இடது அம்பு மங்கலாக எரிகிறது.

பக்கத்து ஒர்க்‌ஷாப்பில் முதலில் ஃப்ளாஷரை (இண்டிகேட்டரை விட்டு விட்டு எரிய வைக்கும் சின்னப் பெட்டி) மாற்றினார்கள். பிறகு பின்பக்க பல்ப் எல்லாம் மாற்றினார்கள். ஒன்றும் மாறவில்லை. இப்போது வயரிங் கிட் முழுவதையும் மாற்ற வேண்டும் என்கிறார்கள். டேஷ்போர்டைக் கழற்றி, உள்ளே இருக்கும் எல்லா வயரையும் உருவி எடுக்கும் வேலை. பழைய வண்டியில் அப்படிக் கை வைத்தால் இப்போது சரியாக இருப்பதும் கெட்டுவிடுமோ என்று பயமாக இருக்கிறது. பைபாஸில் லாரிகளுக்கு நடுவே இடது பக்கம் ஒதுங்கும்போது பின்னால் வருபவருக்கு என் சிக்னல் தெரிகிறதா என்று தெரியாமல் ஓட்டுவது நிம்மதியாக இல்லை. ஆர்.டி.ஓ. ஆபீஸில் வண்டியைக் காட்டி ஆர்.சி. புதுப்பிக்கும் நாளும் நெருங்குகிறது.

வீட்டில் மல்டிமீட்டர் இருக்கிறது. ஓம்ஸில் வைத்து இடது பின் ஹோல்டரின் உலோகத்துக்கும் பாடிக்கும் இடையே பார்த்தேன், 0.8 காட்டியது. அப்படியென்றால் எர்த் (பாடி வழியாக பேட்டரிக்குக் கரண்ட் திரும்பும் வழி) நன்றாகத்தானே இருக்கிறது? வேறு எங்கே தேடுவது?

எட்டுநூறு, திருச்சி

பல்பின் பித்தளைக் கழுத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். 12 வோல்ட் 21 வாட் இருக்க வேண்டும். கடையில் சில சமயம் 10 வாட் பல்பைக் கொடுத்துவிடுகிறார்கள், அதே ஹோல்டரில் உட்காரும். அதைப் போட்டாலும் வேகமாக மின்னலாம். என் வண்டியில் அதுதான் நடந்தது. ஆனால் நீங்கள் சொல்லும் பிரேக் விஷயம் எனக்குப் பிடிபடவில்லை.

வயர்மேன், மதுரை

தம்பி, வயரிங் கிட்டுல கை வைக்க விடாதீங்க. நீங்க எழுதியிருக்கிறது நாலஞ்சு கோளாறு மாதிரி தெரியுது, ஆனா இருக்கிறது ஒண்ணுதான். இடது பக்கப் பின் லைட்டுக்கு எர்த் சரியில்ல. ஓம்ஸ்ல 0.8 காட்டினாலும் சரியில்ல. ஏன்னு விளக்கமா எழுதுறேன், பொறுமையா படிங்க. காரணம் புரிஞ்சுட்டா ஐப்பசி மழையில மறுபடி வந்தாலும் நீங்களே பார்த்துக்கலாம்.

அந்தப் பின் லைட் பெட்டிக்குள்ள டெயில், பிரேக், இண்டிகேட்டர் மூணும் இருக்கு. டெயிலும் பிரேக்கும் ஒரே பல்புக்குள்ள ரெண்டு இழை: டெயில் 5 வாட், பிரேக் 21 வாட். இண்டிகேட்டருக்குத் தனி பல்பு, அதுவும் 21 வாட். கரண்ட் வர்ற வயர் மூணுக்கும் தனித்தனி. திரும்பிப் போற வழி மட்டும் மூணுக்கும் பொது. அந்தப் பொது வழி ஒரு வயர்ல பாடிக்குப் போய், பாடித் தகடு வழியா பேட்டரி மைனஸுக்குப் போகுது.

இப்ப அந்தப் பொது வழியில துரு. தலைவாசல் பூட்டிக் கிடந்தா ஆள் கொல்லைப்பக்கமா வெளியேறுற மாதிரி, கரண்டும் வேற வழி தேடும். இண்டிகேட்டர் பல்புக்குள்ள வந்த கரண்ட் எர்த்துக்குப் போக முடியாம, பக்கத்துல இருக்கிற பிரேக் இழைக்குள்ள பின்பக்கமா நுழையுது. இடது பிரேக்கும் வலது பிரேக்கும் ஒரே வயர்ல சேர்ந்துதானே இருக்கு? அந்த வயர் வழியா வலது பிரேக் லைட்டுக்குப் போய், அங்க இருக்கிற நல்ல எர்த்துல இறங்குது. ஒரே 12 வோல்ட் மூணு இழைக்குள்ள பங்கு பிரியுது. அதனாலதான் மஞ்சள் மங்கல், வலது பிரேக்ல மெல்லிய சிவப்பு. அந்தச் சிவப்பை நீங்க கவனிச்சு எழுதினது ரொம்ப நல்லதாப் போச்சு. அது ஒண்ணே போதும், எர்த்துதான்னு சொல்லிடலாம்.

பகல்ல டெயில் வயர் சும்மா கிடக்கு, அது வழியாவும் மத்த டெயில், பார்க்கிங் பல்புகளுக்குப் போய்க் கொஞ்சம் கரண்ட் இறங்கிடும். ராத்திரி லைட் போட்டதும் அந்த வயர்லயே 12 வோல்ட் வந்து நிக்குது. அந்த வழி அடைஞ்சு போச்சு. அதோட, இண்டிகேட்டர் எரியுற நேரத்துல டெயில் இழைக்கு ரெண்டு முனையிலயும் ஏறக்குறைய ஒரே வோல்டேஜ் ஆகிடுது. வித்தியாசம் இல்லைன்னா கரண்ட் ஏது, வெளிச்சம் ஏது? இண்டிகேட்டர் அணையும்போது டெயில் மறுபடி எரியும். நீங்க பார்த்தது அதுதான்.

பிரேக் மிதிச்சா அம்பு எரியுறதும் இதே கதைதான், திசை மட்டும் தலைகீழ். பிரேக் கரண்ட் எர்த் கிடைக்காம இண்டிகேட்டர் இழைக்குள்ள பின்னால இருந்து ஏறி, இண்டிகேட்டர் வயர் வழியா முன் பல்புக்கும் டேஷ்போர்டு அம்புக்கும் வந்து சேருது.

வேகமா மின்னுறது ஏன்? எலக்ட்ரானிக் ஃப்ளாஷர் தன் வழியா எவ்வளவு கரண்ட் போகுதுன்னு பார்த்துக்கிட்டே இருக்கும். ரெண்டு 21 வாட் பல்பு சேர்ந்தா மூணரை ஆம்பியர். அது குறைஞ்சா பல்பு போயிடுச்சுன்னு எடுத்துக்கிட்டு வேகத்தைக் கூட்டி உங்களுக்குச் சொல்லும். அதுக்குன்னே அப்படிச் செஞ்சிருக்காங்க. உங்க பழைய ஃப்ளாஷர் ஒழுங்காத்தான் சேதி சொல்லிக்கிட்டு இருந்துச்சு. அதைத் தூக்கிப் போட்டிருக்காங்க, மனசு கஷ்டமா இருக்கு. கையில இருந்தா பத்திரமா வைங்க.

இனி அந்த 0.8 ஓம். முதல்ல மீட்டரோட ரெண்டு முனையையும் ஒண்ணோட ஒண்ணு தொட வச்சுப் பாருங்க. அதுவே 0.3, 0.4 காட்டும், அது மீட்டர் வயரோடது. மீதி 0.4ன்னு வச்சாலும் நம்பாதீங்க. ஓம்ஸ்ல மீட்டர் அனுப்புறது மில்லி ஆம்பியர் கணக்குல ஒரு பொட்டுக் கரண்ட். பத்து இழை அறுந்து ஒரே இழை ஒட்டிக்கிட்டு இருக்கிற வயர்கூட அந்தப் பொட்டுக் கரண்டுக்கு நல்ல வயர்தான். ரெண்டு ஆம்பியர், நாலு ஆம்பியர் ஓடும்போதுதான் அதோட குணம் தெரியும். 21 வாட் பல்பு எரியும்போது அதோட தடை சுமார் 7 ஓம். எர்த்துல ஒரே ஒரு ஓம் கூடினா பல்புக்கு ஒன்றரை வோல்ட் குறையும், வெளிச்சத்துல மூணுல ஒரு பங்குக்கு மேல போயிடும். டெயில், பிரேக், இண்டிகேட்டர் மூணும் ஒண்ணா எரிஞ்சா அதே ஒரு ஓம்ல மூணு வோல்ட் போகும். லைட் சம்பந்தமான எர்த்தை ஓம்ஸ்ல பார்க்கவே கூடாது. எரிய விட்டு, வோல்ட்ஸ்லதான் பார்க்கணும்.

எப்படின்னா:

மீட்டரை டி.சி. 20 வோல்ட்ல வைங்க. பேட்டரி மைனஸ்ல இருந்து டிக்கி வரைக்கும் எட்டுற மாதிரி ஒரு நீள வயர் எடுத்து, அதைக் கறுப்பு முனையோட சேருங்க. சிவப்பு முனையை இடது பின் ஹோல்டரோட உலோக உடம்புல தொடுங்க. நடுவுல இருக்கிற புள்ளியில தொடாதீங்க, அங்க கரண்ட் வருது. இப்ப பார்க்கிங் லைட்டைப் போட்டு, ஒருத்தரை உட்கார வச்சு பிரேக்கை மிதிச்சுப் பிடிக்கச் சொல்லுங்க. இண்டிகேட்டரைப் போட்டுப் பார்க்காதீங்க, எண் தாவிக்கிட்டே இருக்கும், படிக்க முடியாது. பிரேக்னா எண் நிலையா நிக்கும்.

0.1, 0.2 வந்தா எர்த் நல்லா இருக்கு. அரை வோல்ட்டைத் தாண்டினா வேலை இருக்கு. உங்க வண்டியில அதுக்கு ரொம்ப மேல வரும்னு நினைக்கிறேன். அதே மாதிரி வலது பக்கமும் எடுத்து ஒப்பிட்டுப் பாருங்க. அப்புறம் அந்த ஹோல்டர் உடம்புக்கும் பேட்டரி மைனஸுக்கும் நேரா ஒரு தடிச்ச வயர் கொடுத்துட்டு இண்டிகேட்டர் போடுங்க. எல்லாக் கோளாறும் ஒரே நொடியில மறைஞ்சா முடிஞ்சது கதை, எங்க துருன்னு தேடினாப் போதும்.

தேட வேண்டிய இடம் மூணு. ஹோல்டருக்குள்ள பல்பு உட்காருற இடம். ஹோல்டர்ல இருந்து வர்ற எர்த் வயரோட பிளக். அந்த வயர் பாடியில போல்ட் பண்ணியிருக்கிற லக், அதாவது வயர் முனையில இருக்கிற உலோக வளையம். உங்க ஊர் காத்துல உப்பு இருக்கு, அதனால மூணையுமே பார்த்துடுங்க. துரு தெரிஞ்சா பேட்டரி மைனஸைக் கழட்டிட்டு, உப்புத்தாள் போட்டு வெள்ளை உலோகம் பளிச்சுன்னு தெரியுற வரைக்கும் தேய்க்கணும், லக் அடிப்பக்கமும் பாடித் தகடும் ரெண்டும். லக் கறுத்துப் போயிருந்தா வெட்டி எறிஞ்சுட்டு புதுசு போட்டு, கிரிம்ப் பண்ணி (இடுக்கியால நசுக்கி வயரைப் பிடிக்க வச்சு), ஈயமும் வைங்க. முறுக்கி டேப் சுத்துறது வேண்டவே வேண்டாம். பல் வச்ச ஸ்டார் வாஷர் ஒண்ணு போட்டு இறுக்கினா அது தகட்டைக் கடிச்சுப் பிடிச்சுக்கும். இறுக்கின பிறகு மேல வாசலின் தடவுங்க, ஈரம் இறங்காது. பெயிண்ட் அடிக்கணும்னாலும் இறுக்கின பிறகுதான்.

பல்பை மறுபடி போடும்போது ஒரு விஷயம். டெயில்-பிரேக் பல்புல பக்கவாட்டுல இருக்கிற ரெண்டு முளையும் ஒரே மட்டத்துல இருக்காது, ஒண்ணு மேல ஒண்ணு கீழ. ஹோல்டர் வாயும் அப்படித்தான். எதிர்ப்பக்கமா அழுத்தித் திணிச்சா உட்காரும், ஆனா டெயிலும் பிரேக்கும் இடம் மாறிடும். அவசரத்துல பல்பு மாத்தின வண்டிகள்ல இதை நிறையப் பார்த்திருக்கேன். மெதுவா திருப்புங்க, தானா இறங்கணும்.

பத்மினிக்காரன், கோயம்புத்தூர்

வயர்மேன் ஐயா சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன், ஏனென்றால் இதைப் படிப்பவர்கள் எல்லோரும் மாருதி வைத்திருக்க மாட்டார்கள். என் பிரீமியர் பத்மினியில் இருப்பது பழைய வெப்ப ஃப்ளாஷர். உள்ளே ஒரு உலோகப் பட்டை. கரண்ட் போகும்போது சூடாகி அசையும், ஆறினதும் பழைய இடத்துக்கு வரும், டக் டக் என்று தொடர்பு விட்டு விட்டுக் கிடைக்கும். இதில் பல்ப் போனால் நேர் எதிராக நடக்கும். கரண்ட் குறைவதால் பட்டை சூடாக நேரமாகும், மின்னுவது மெதுவாகும் அல்லது எரிந்தபடியே நின்றுவிடும். பேட்டரி இறங்கியிருந்தாலும் அப்படித்தான். ஐடிலில் சோம்பி மின்னி, ஆக்ஸிலரேட்டர் கொடுத்ததும் சுறுசுறுப்பானால் பல்பைத் தேட வேண்டாம், சார்ஜிங்கையும் பேட்டரி முனைகளையும் பாருங்கள்.

இன்னொன்று ஃப்யூஸ். என் வண்டியில் இருப்பவை பீங்கான் உடம்பும் வெளியே தெரியும் உலோகப் பட்டையும் கொண்டவை, இரண்டு முனையும் கூம்பு. பட்டை அறுந்திருக்காது, ஆனால் கூம்பு உட்காரும் கிளிப்பில் களிம்பு ஏறி கரண்ட் போகாது. கண்ணால் பார்த்து நல்ல ஃப்யூஸ் என்று விட்டுவிடுவோம். விரலால் அதை அந்த இடத்திலேயே இரண்டு சுற்றுத் திருப்பிப் பாருங்கள். இண்டிகேட்டர் உயிர் பெற்றால் கிளிப்பைக் கழற்றாமலே உப்புத்தாளால் தேய்த்து, கொஞ்சம் உள்பக்கம் நெருக்கிவிட்டால் போதும்.

மொறிஸ் மைனர், யாழ்ப்பாணம்

வணக்கம். என்னட்டை ஒரு மொறிஸ் மைனர் 1000 நிக்குது. 1961க்குப் பிறகு வந்த மொடல், அதாலை கதவுத்தூணிலையிருந்து கை நீட்டுற பழைய சிக்னல் இல்லை, மின்னுற லைற்தான். வயர்மேன் அண்ணை சொன்ன சோதினை எங்கட வண்டியளுக்கும் பொருந்தும், ஆனா ஒண்டைக் கவனிக்கவேணும். மைனரிலை பற்றறியின்ர பிளஸ் பக்கம்தான் பொடியோட இணைச்சிருக்கு. மீற்றரிலை எண்ணுக்கு முன்னாலை மைனஸ் அடையாளம் வந்தால் பயப்பிடத் தேவையில்லை, எண்ணை மட்டும் பாருங்கோ.

ரெண்டு முனை உள்ள பழைய வெப்ப ஃப்ளாஷருக்கு பிளஸ் மைனஸ் பிரச்சினை இல்லை. கடையிலை விக்கிற மூண்டு முனை எலக்ட்ரோனிக் ஃப்ளாஷர் அநேகமா மைனஸ் எர்த் வண்டிக்குச் செய்தது. அதைக் கொண்டுவந்து அப்பிடியே பூட்டினால் வேலை செய்யாது, எரிஞ்சும் போகலாம். எல்.இ.டி. பல்பும் அதே மாதிரித்தான். பழைய இங்கிலாந்துக் கார் வைச்சிருக்கிற ஆக்கள் சாமான் வாங்க முதல் பற்றறியிலை எந்த முனை பொடிக்குப் போகுதெண்டு பார்த்திட்டு வாங்குங்கோ.

உப்பளக்காற்று, தூத்துக்குடி

எல்லோருக்கும் நன்றி. வயர்மேன் அண்ணே, நீங்கள் சொன்ன வரிசையிலேயே செய்தேன்.

அப்பா டிரைவர் சீட்டில் உட்கார்ந்து பிரேக்கை மிதித்துப் பிடித்தார். பார்க்கிங் லைட் ஆன். இடது ஹோல்டர் உடம்பில் 5.2 வோல்ட். கண்ணை நம்ப முடியாமல் மறுபடியும் வைத்துப் பார்த்தேன், அதே எண். வலது ஹோல்டரில் 0.12. நேர் வயர் கொடுத்ததும் இடது மஞ்சள் பளீரென்று எரிந்தது, அம்பு அணைந்தது, மின்னும் வேகமும் வலது பக்கம் மாதிரியே ஆகிவிட்டது. அப்பா உள்ளே இருந்து "சத்தம் சரியாயிருச்சு" என்றார். அவருக்கு அந்த டிக் டிக் சத்தம் பழகிய சத்தம்.

பிறகு டிக்கி ஓரத்து அட்டையைக் கழற்றி எர்த் வயரைப் பிடித்துக்கொண்டே போனேன். என் வண்டியில் அது கறுப்பு வயர். லைட்டுக்குக் கொஞ்சம் கீழே, சக்கர வளைவுக்குப் பக்கத்தில் ஒரு போல்ட்டில் முடிகிறது. காரணம் அங்கேதான் இருந்தது. சில வருடங்களுக்கு முன்னால் ஒரு ஆட்டோ அந்த மூலையில் இடித்து டிங்கரிங் செய்தோம். பட்டி பூசி, பெயிண்ட் அடித்து, அந்தப் பெயிண்ட்டின் மேலேயே லக்கை வைத்து இறுக்கியிருக்கிறார்கள். லக்குக்கு அடியில் பளபளவென்று வெள்ளைப் பெயிண்ட், ஒரு கீறல் இல்லை. இத்தனை நாளும் போல்ட்டின் மரை மட்டும்தான் தகட்டைத் தொட்டுக்கொண்டிருந்தது. அந்த மரை இப்போது காப்பிப்பொடி நிறத்தில் உதிர்கிறது. போல்ட்டைத் திருப்பும்போதே பொடியாகக் கொட்டியது.

பெயிண்ட்டையும் பட்டியையும் சுரண்டி, உப்புத்தாள் போட்டு, புது லக், புது போல்ட், ஸ்டார் வாஷர், மேலே வாசலின். ஹோல்டருக்குள்ளும் பச்சைக் களிம்பு இருந்தது, பழைய பல்துலக்கும் பிரஷ்ஷாலும் உப்புத்தாள் துண்டாலும் சுத்தம் செய்தேன். மறுபடி அதே சோதனை: 0.09 வோல்ட். இருட்டிய பிறகு லைட் எல்லாம் போட்டுப் பார்த்தேன். டெயில் அசையவில்லை, மஞ்சள் நன்றாக மின்னுகிறது, பிரேக் மிதித்தால் அம்பு எரியவில்லை.

திருச்சி நண்பர் சொன்னதையும் பார்த்தேன். முன்பக்கம் இடது பல்பில் 10 வாட் என்று இருந்தது! பின்பக்கம் மாற்றியவை சரியாக 21. முன்னால் எப்போது யார் போட்டார்கள் என்று தெரியவில்லை. 21 வாட் வாங்கிப் போட்டுவிட்டேன்.

இன்னும் இரண்டு கேள்வி. இடது பக்கம் திரும்பி ஸ்டீயரிங்கை நேராக்கினாலும் லீவர் தானாகத் திரும்புவதில்லை, வலது பக்கம் திரும்புகிறது. அதற்கு என்ன செய்வது? அடுத்து, இன்னும் பளிச்சென்று தெரிய எல்.இ.டி. பல்ப் போடலாமா?

வயர்மேன், மதுரை

ரொம்ப சந்தோஷம் தம்பி. 5.2ல இருந்து 0.09. அந்த 5 வோல்ட்டும் பெயிண்ட்டு மேலதான் போய்க்கிட்டு இருந்துச்சு. டிங்கரிங் முடிஞ்சு வர்ற வண்டியில இதை அடிக்கடி பார்க்கிறேன். பெயிண்ட் அடிக்கிறவர் தன் வேலையை அழகாத்தான் முடிச்சிருப்பார்; எர்த் போல்ட்டுக்கு அடியில பெயிண்ட் இருக்கக் கூடாதுன்னு அவருக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டாங்க. வண்டியை டிங்கரிங்குக்கு விடுறவங்க எல்லாரும் திரும்ப வாங்கும்போது ராத்திரி ஒரு தடவை லைட், பிரேக், இண்டிகேட்டர் மூணையும் ஒண்ணாப் போட்டுப் பார்த்து வாங்குங்க.

அந்த 10 வாட் பல்பும் சேர்ந்துதான் பகல்லயே வேகம் கூட்டியிருக்கு. ஒரு பக்கம் எர்த் கரண்டைக் குறைச்சது, இன்னொரு பக்கம் பல்பு குறைச்சது, ஃப்ளாஷருக்கு ஒரு பல்பு போன கணக்காயிடுச்சு.

லீவர் விஷயம்: ஸ்டீயரிங் தண்டோட சேர்ந்து சுத்துற ஒரு முளை இருக்கும். நீங்க ஸ்டீயரிங்கைத் திருப்பி விடும்போது அது ஸ்விட்ச்சுல இருக்கிற சின்ன பிளாஸ்டிக் நாக்கைத் தட்டிவிடும், லீவர் நடுவுக்கு வரும். ஒரு பக்கம் மட்டும் வராம இருந்தா அந்தப் பக்கத்து நாக்கு தேஞ்சிருக்கும், இல்ல உடைஞ்சிருக்கும். ஸ்டீயரிங் தண்டோட மூடியைக் கழட்டினா கண்ணுக்கே தெரியும். நாக்கு உடைஞ்சிருந்தா ஒட்டிப் பிரயோஜனம் இல்ல, ஸ்விட்ச்சை மாத்தணும். உடையாம கிரீஸ் இறுகி அசையாம இருந்தா கான்டாக்ட் கிளீனர் அடிச்சு, லீவரை ரெண்டு பக்கமும் நல்லா ஆட்டி, பழைய கிரீஸைத் துடைச்சுட்டு சொட்டுப் புது கிரீஸ் வைங்க. கண்ட எண்ணெயையும் விடாதீங்க, உள்ள இருக்கிற பித்தளைத் தொடர்புகள்ல தூசி ஒட்டிக்கும்.

எல்.இ.டி. வேண்டாங்கிறது என் எண்ணம். அது ரெண்டு மூணு வாட்தான் எடுக்கும், உங்க ஃப்ளாஷர் மறுபடி பல்பு போச்சுன்னு பறக்கும். அதுக்காக 6 ஓம் 50 வாட் ரெசிஸ்டர் ஒண்ணைச் சேர்ப்பாங்க. 12 வோல்ட்ல அது 24 வாட் குடிக்கும், எல்லாம் சூடா வெளியேறும், கையைச் சுடும். அதை டிக்கி அட்டையில ஒட்டி, அட்டை கருகினதைப் பார்த்திருக்கேன். எல்.இ.டி.க்குன்னு வர்ற ஃப்ளாஷரைப் போட்டா வேகம் சரியாகும், ஆனா ஒரு பல்பு நிஜமாவே போனாலும் உங்களுக்குத் தெரியாது. அதோட இந்த லைட்டோட பின்னாடி இருக்கிற வெள்ளித் தகடு, பல்போட இழை எந்த இடத்துல இருக்குங்கிறதைக் கணக்கு வச்சு வளைச்சது. எல்.இ.டி.யில வெளிச்சம் வேற இடத்துல இருந்து வரும், நேரா பின்னால நின்னா பளிச்சுன்னு இருக்கும், பக்கவாட்டுல நின்னா தெரியாது. உங்களுக்குப் பக்கத்துல லாரி வருதுன்னு சொன்னீங்களே, அவர் பார்க்கிறது பக்கவாட்டுலதான். நல்ல 21 வாட் பல்பு, சுத்தமான கண்ணாடி, 0.09 எர்த். இது போதும்.

நேரம் கிடைக்கும்போது முன்பம்பர்ல இருக்கிற ரெண்டு இண்டிகேட்டரையும் கழட்டிப் பாருங்க. அது தாழ்வா இருக்கிற இடம், ரோட்டுத் தண்ணி அடிக்கும். கண்ணாடிக்கும் உடம்புக்கும் நடுவுல இருக்கிற ரப்பர் இறுகிப் போயிருந்தா மாத்துங்க, அங்கயும் அதே வோல்ட்ஸ் சோதனையைப் பண்ணுங்க.

எட்டுநூறு, திருச்சி

வயர்மேன் சார், இதே உரையாடலில் கேட்டுக்கொள்கிறேன். என் வண்டியில் போன வாரத்திலிருந்து இண்டிகேட்டர் இரண்டு பக்கமும் எரியவில்லை, டிக் சத்தமும் இல்லை. ஆனால் நாலு பக்கமும் மின்னும் ஹஸார்டு போட்டால் அருமையாக எரிகிறது. எர்த்தா?

வயர்மேன், மதுரை

இல்ல சார், எர்த் நல்லா இருக்கு. ஹஸார்டு எரியுதுன்னா நாலு பல்பு, நாலு எர்த், பல்புக்குப் போற வயர் எல்லாமே சரி. உங்களுக்குப் பாதி வேலையை ஹஸார்டே முடிச்சுக் கொடுத்துருச்சு.

ரெண்டுக்கும் கரண்ட் வர்ற வழி வேற. ஹஸார்டு சாவி இல்லாமலும் எரியணும், அதனால பேட்டரியில இருந்து நேரா வரும். இண்டிகேட்டருக்கு சாவி போட்ட பிறகு வேற ஃப்யூஸ் வழியா வரும். முதல்ல அந்த ஃப்யூஸ். அது நல்லா இருந்தா ஹஸார்டு ஸ்விட்ச்சையே சந்தேகப்படுங்க. பல ஜப்பான் வடிவமைப்பு வண்டிகள்ல இண்டிகேட்டருக்குப் போற கரண்டும் அந்த ஸ்விட்ச் வழியாத்தான் போகும். ஹஸார்டு அணைஞ்சிருக்கும்போது ஒரு தொடர்பு, போட்டிருக்கும்போது இன்னொரு தொடர்பு. அந்த ஸ்விட்ச்சை யாரும் தொடுறதே இல்ல, அணைஞ்ச பக்கத்துத் தொடர்புல களிம்பு ஏறிடும். சாவி போட்டு, இண்டிகேட்டர் லீவரை ஒரு பக்கம் தள்ளி வச்சுக்கிட்டு, ஹஸார்டு ஸ்விட்ச்சை ஒரு இருபது தடவை போட்டுப் போட்டு அணைங்க. நடுவுல எப்பவாவது மின்னினா அதுதான் இடம்.

எட்டுநூறு, திருச்சி

ஃப்யூஸ் நன்றாக இருந்தது. நீங்கள் சொன்ன மாதிரி ஸ்விட்ச்சைத் தட்டிக்கொண்டே இருந்தேன், திடீரென்று மின்ன ஆரம்பித்து, விரலை எடுத்ததும் நின்றது. கழற்றி கான்டாக்ட் கிளீனர் அடித்து மாட்டியிருக்கிறேன், இப்போது இரண்டு பக்கமும் எரிகிறது. புது ஸ்விட்ச்சும் ஒன்று சொல்லி வைத்திருக்கிறேன்.